குர்பான் கொடுத்த மாரிமுத்து

மாரிமுத்து மட்டையைத் தோளுக்கு மேலே தூக்கிக்கொண்டு நின்ற நிற்பு இன்னும் என் கண்ணை விட்டுப் போகவில்லை. கால்சட்டை நான் தைத்துக் கொடுத்தது. மேலுக்கு வெறும் பனியன். முதல்நாள் பெய்த மழையில் மைதானம் சொதசொதவென்று கிடந்தது. ஈரப் புல்லின் வாசனையோடு, நாங்கள் ஸ்டோர் என்கிற, பக்கத்துத் தோட்டத்துத் தேயிலை ஆலையிலிருந்து தேயிலை வறுபடுகிற வாசனையும் காற்றில் வந்துகொண்டிருந்தது.

எதிரில் ஆடியவர்கள் பக்கத்துச் சிங்களக் கிராமத்துப் பையன்கள். மாரிமுத்து மட்டையைப் பிடித்தாலே யாரும் சொல்லாமலே அவர்கள் பின்னால் போய்விடுவார்கள். அன்றைக்கு ஆற்றங்கரை மூங்கில் வரைக்கும் போய் நின்றார்கள்.

இரண்டு பக்கமும் ஓட்டம் சமம். எங்களுக்குக் கடைசி வாய்ப்பு. மாரிமுத்துவின் தம்பி செல்லையா ஓடி நிற்கிற இடத்துக்கு அடையாளமாகப் போட்ட மூன்றாம் சாக்கின் மேல் ஒரு காலை வைத்து, ஓடத் தயாராகக் குனிந்து நிற்கிறான்.

என் பக்கத்தில் நாற்காலியில் கொழும்பிலிருந்து வந்த ஒரு பெரியவர். கையில் தேத்தண்ணீர்க் கோப்பை. அவர் மாரிமுத்துவைப் பார்க்கத்தான் அத்தனை தூரம் வந்திருந்தார். அவன் அடிக்கிற அடி பிடித்துவிட்டால், கொழும்பில் ஒரு பெரிய பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளின் விளையாட்டைக் கவனிக்கிற வேலை அவனுக்கு. இருக்க வீடும் தருவார்கள். மைதானத்தில் இருந்த எல்லோருக்கும் இது தெரியும். மாரிமுத்துவுக்கும் தெரியும்.

பந்து வருவதற்கு முன்னால், இந்த விளையாட்டு எங்கள் மஸ்கெலியாவுக்கு வந்த விதத்தைச் சொல்லிவிடுகிறேன். போன வாரம் எங்கள் தையல் கடையைப் பற்றி எழுதியிருந்தேன் அல்லவா, அதைப் படித்துவிட்டு என் மகள் கேட்டாள், "வாப்பா, கையுறை தச்ச கதைய மட்டும் விட்டுட்டீங்களே?" என்று. மறந்து விடவில்லை. எழுத மனம் வரவில்லை. இன்றைக்கு பிஸ்மில்லாஹ் சொல்லி எழுதிவிடுகிறேன்.

அளவெடுக்கிற இங்கிலீஷ்

ராபட் மாஸ்டர் அமெரிக்காவிலிருந்து வந்தவர். பள்ளிக்கூடங்களில் தேகப்பயிற்சியும் இங்கிலீஷும் சொல்லிக்கொடுக்க அந்த நாட்டு இளவட்டங்கள் சிலர் இலங்கைக்கு வந்திருந்த காலம் அது. அறுபதுகள் பிறந்து கொஞ்சம் ஆகியிருக்கும். மாஸ்டர் நல்ல உயரம். எங்கள் கடைக்குள் குனிந்துதான் நுழைவார். அப்படியும் அடிக்கடி நிலையில் நெற்றியை இடித்துக்கொண்டு, நிலையிடமே மன்னிப்புக் கேட்பார்.

தோட்டத்துத் துரைமார்களைப் பார்த்துப் பழகிய எங்களுக்கு அவர் ஓர் அதிசயம். கூப்பிட்டால் வருவார். பெஞ்சில் உட்காருவார். வாப்பா கொடுக்கிற பிளேன்டீயை, எங்களைப் போலவே உள்ளங்கையில் சீனியை வைத்து நக்கிக்கொண்டே குடிப்பார்.

எனக்கு இங்கிலீஷ் வந்தது பள்ளிக்கூடத்தால் அல்ல. ஐந்தாம் வகுப்போடு வாப்பா கத்தரிக்கோலைக் கையில் கொடுத்துவிட்டார். துரைசானிமார்களுக்குக் கவுன் தைக்கப் பங்களாக்களுக்குப் போய்ப் போய் ஒட்டிக்கொண்ட இங்கிலீஷ் அது. லூஸ், டைட், ஷார்ட், லாங், ஸ்லீவ், காலர். அதற்கு மேல் போனால் தடுக்கி விழுவேன். ஆனாலும் மாஸ்டர் சொல்வதைத் தமிழில் சொல்ல எங்கள் கடைத்தெருவில் நான்தான் அகப்பட்டேன்.

ஒருநாள் அவர் என் மேசையில் ஒரு பந்தை வைத்தார். வெள்ளைத் தோல். சுற்றிலும் சிவப்பு நூலில் தையல். தையல்காரன் கண் தையலுக்குத்தான் போகும். இடுப்பு ஒடுங்கிய இரண்டு துண்டுத் தோல்கள் ஒன்றையொன்று கட்டிப்பிடித்த மாதிரி இருந்தன. முடிச்சு எங்கே என்று விரலால் தடவித் தடவித் தேடினேன். கிடைக்கவில்லை.

"பேஸ்போல்" என்றார் மாஸ்டர்.

அவர் கொண்டுவந்தது ஒரு மட்டை, ஒரு கையுறை, சில பந்துகள். மற்றக் கையுறைகளை நான் தைத்தேன். கொழுந்து பறிக்கிற பெண்கள் இடுப்பில் கட்டும் படங்குத் துணியை வெட்டி, உள்ளே பஞ்சு அடைத்து. மாட்டிக்கொண்டால் கை பலாக்காய் மாதிரி இருக்கும்.

ஓடிப் போய் நிற்க வேண்டிய மூன்று இடங்களுக்கும் வைக்கோல் அடைத்த அரிசிச் சாக்குகள். அதனால் எங்களுக்கு அவை முதல் சாக்கு, இரண்டாம் சாக்கு, மூன்றாம் சாக்கு. அடிக்கிறவன் நிற்கிற இடத்தில் ஒரு தேயிலைப் பெட்டியின் மூடி. அடித்துவிட்டு மூன்று சாக்கையும் சுற்றி அந்தப் பலகைக்கே திரும்பி வந்தால் ஓர் ஓட்டம். பந்து உன்னை முந்திக்கொண்டு சாக்குக்குப் போய்விட்டால் அவுட்.

பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு மைதானத்துக்குப் போனால், பொழுது சாய்ந்து மஃரிபுக்குப் பாங்கு சொல்லும்வரை ஆட்டம். நிமிர்ந்தால் பாவாத மலை தெரியும். நான் பாவாத மலை என்பேன், மாரிமுத்து சிவனொளிபாதம் என்பான், கிராமத்துப் பையன்கள் ஸ்ரீபாதம் என்பார்கள். மேகம் வந்து மூடினால் மூன்று பேருக்குமே தெரியாது.

அந்த மைதானம் இப்போது இல்லை. பிற்காலத்தில் அணை கட்டியபோது பழைய ஊரோடு சேர்ந்து தண்ணீருக்குள் போய்விட்டது. கோடையில் நீர் வற்றினால் பழைய கட்டடங்களின் தலை தெரியும் என்று போய்ப் பார்க்கிறார்கள். நான் போவதில்லை.

அண்ணனும் தம்பியும்

மாரிமுத்து ஸ்டோரில் அடுப்புக்கு விறகு தள்ளுகிறவன். எனக்கும் அவனுக்கும் ஒரே வயது. கல்யாணமாகி ஒரு கைக்குழந்தை இருந்தது. கடைக்காரன் என்பதால், எங்கள் ஆட்கள் அண்ணனைக் கூப்பிடுகிற மாதிரி, என்னை நானா என்றுதான் கூப்பிடுவான். தம்பி செல்லையா ஏழெட்டு வயது இளையவன். தாய் சின்ன வயதிலேயே போய்விட்டதால், அண்ணன் எடுத்து வளர்த்த பிள்ளை.

விறகு தள்ளித் தள்ளி மாரிமுத்துவின் தோள் இறுகிப் போயிருந்தது. அவன் அடித்தால் பந்து ஆற்றுக்கு அந்தப் பக்கம்தான். அடித்த மறுகணம் மாஸ்டர் தலையில் கை வைத்துக்கொள்வார். சந்தோஷம் பாதி, பந்து போன கவலை பாதி.

செல்லையாவுக்கு அடிக்க வராது. ஆனால் ஓட்டம் என்றால் அவன்தான். பந்து போடுகிறவன் அசந்த நேரம் பார்த்து ஒரு சாக்கிலிருந்து அடுத்த சாக்குக்கு ஓடிவிடுவான். அதற்கு இங்கிலீஷில் திருட்டு என்று பெயர். நான் களவு என்று தமிழில் சொல்லிக்கொடுத்தேன்.

ஒருநாள் மாரிமுத்துவின் மனைவி பொன்னம்மா லயத்து வரிசை வீட்டிலிருந்து கடைக்கே வந்துவிட்டாள். "நானா, லயத்துல ஒரு பயபுள்ள விடாம எல்லாரும் எங்க கொழுந்தன களவாணி, களவாணின்னு கூப்பிடுறாங்க. நாளைக்கு யாரு இவனுக்குப் பொண்ணு குடுப்பா? ஒங்க வெள்ளக்காரர்கிட்ட சொல்லி வேற பேரு வையுங்க" என்றாள்.

மாஸ்டரிடம் சொன்னேன். அவருக்குச் சிரித்துச் சிரித்து இருமலே வந்துவிட்டது.

சொல் கிடைத்தது

களவைப் போல இன்னொரு சொல்லும் இருந்தது. அதை நான் தமிழில் சொன்ன விதத்தில்தான் இந்தக் கதையே இருக்கிறது.

ஒருவன் மூன்றாம் சாக்கில் நிற்கிறான். அடிக்கிறவன் ஓங்கி அடிக்காமல், மட்டையைக் குறுக்கே பிடித்துப் பந்தை லேசாகத் தட்டிவிடுகிறான். அதை எடுத்து எறிவதற்குள் சாக்கில் நின்றவன் பலகைக்கு ஓடி வந்துவிடுவான். தட்டிவிட்டவன் மட்டும் அவுட். தெரிந்தே, அடுத்தவனுக்காக அவுட் ஆகிறான்.

மாஸ்டர் இதற்கு "சேக்ரிஃபைஸ்" என்றார். என்னுடைய கவுன் தைக்கிற இங்கிலீஷில் அந்தச் சொல் இல்லை. நான் விழித்தேன். அவர் ஈரத் தரையில் குந்தி உட்கார்ந்துகொண்டு கையால் காட்டினார். ஒரு மலை. ஒரு பெரியவர். அவருடைய மகன். கையில் கத்தி.

"ஏப்ரஹாம்" என்றார்.

எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. அல்லாவுக்காக மகனையே அறுக்கத் துணிந்த இப்ராஹீம் நபியின் கதை. கடல் கடந்து வந்த வேற்று மார்க்கத்துக்காரர் வாயிலிருந்து அது வருகிறது. என்னை அறியாமல் "குர்பான்" என்று சொல்லிவிட்டேன்.

"குர்பான்னா என்னா நானா?" என்று கேட்டான் மாரிமுத்து.

"நமக்கு ரொம்பப் பிரியமானத அல்லாவுக்காக விட்டுக் குடுக்கிறது."

"இங்க என்னாத்த விட்டுக் குடுக்கிறது?"

"நீ அடிக்கிற அடிய."

மாரிமுத்து மட்டையைப் பார்த்தான். பிறகு தலையை ஆட்டினான். "பெரிய விசயந்தான்" என்றான்.

அன்றிலிருந்து தோட்டத்துப் பிள்ளைகள் வாயெல்லாம் குர்பான்தான். திருநீறு பூசிய பிள்ளைகள் மைதானத்தைச் சுற்றி நின்று "குர்பான் குடு, குர்பான் குடு" என்று கத்துவார்கள். பள்ளிவாசல் லெப்பையின் காதுக்கு அது எட்டாமல் இருக்குமா? வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து என்னைப் பிடித்துக்கொண்டார்.

"என்னடா ஜமால், குர்பான்னா குச்சியால தட்டுறதா?"

"அடுத்தவனுக்காக அவுட்டாகிறது லெப்பை. நல்ல விசயந்தானே."

"அப்ப அவுட்டானவனுக்கு நன்மைய யாரு எழுதுறது? ஒன் வெள்ளக்காரனா?"

இதையும் மாஸ்டரிடம் கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. "எழுதுவோம்" என்றார். அவருடைய நாட்டில் அப்படித் தட்டி அவுட்டானவனுக்கு அது குறையாக எழுதப்படாதாம். அவன் திரும்பி நடந்து வரும்போது அவனுடைய ஆட்கள் எல்லோரும் எழுந்து நின்று கைதட்டுவார்களாம். எங்களுக்கும் அப்படியே பழக்கினார். யார் தட்டிவிட்டு வந்தாலும் எழுந்து நின்று கைதட்டினோம்.

கப்பலில் வந்த விளையாட்டு

மழை விழுந்தால் எல்லோரும் எங்கள் கடைத் தாழ்வாரத்துக்கு ஓடி வருவார்கள். கச்சான் கடலை வறுத்து வைத்திருப்போம். அவருடைய ஊரிலும் விளையாட்டுப் பார்க்கிறவர்கள் கச்சான் உடைத்துத்தான் தின்பார்களாம். அப்போதெல்லாம் மாஸ்டர் கதை சொல்லுவார். நான் தெரிந்த அளவுக்குத் தமிழாக்குவேன். தெரியாத இடத்தில் என் சொந்தச் சரக்கைச் சேர்ப்பேன்.

இந்த விளையாட்டைப் பட்டாளத்து அதிகாரி ஒருவர் மாடு மேய்கிற ஒரு நிலத்தில் ஒருநாள் கண்டுபிடித்தார் என்று அவருடைய ஊரில் பிள்ளைகளுக்குச் சொல்லுவார்களாம். அது வெறும் கட்டுக்கதை என்றார். இங்கிலாந்துப் பிள்ளைகள் ஆடிய ஆட்டம் ஒன்று கப்பலேறி வந்து, அங்கே வளர்ந்து இப்படி ஆனது. ஆனால் அவருடைய நாட்டாருக்கு, எங்கள் ஆட்டம் எங்கள் மண்ணிலேயே பிறந்தது என்று சொல்லிக்கொள்ள ஆசை. அதற்காக ஒரு பிறப்புக் கதை.

"கப்பல்ல வந்துச்சுன்னு சொல்ல வெக்கமாக்கும்" என்றான் மாரிமுத்து. "நாங்களுந்தான் கப்பல்ல வந்தோம். யாராச்சும் கண்டுபிடிச்சோம்னு சொல்றாங்களா?"

அதைத் தமிழிலிருந்து இங்கிலீஷுக்குக் கொண்டுபோக எனக்கு முடியவில்லை.

அவருடைய ஊரில் வேலை முடிந்து வந்த தகப்பன்மார் வாசலில் நின்று மகன்மாரோடு இந்தப் பந்தை எறிந்து பிடிப்பார்களாம். பேச வராத தகப்பனுக்கும் மகனுக்கும் அதுதான் பேச்சாம். கோடை முழுவதும் எந்தத் தெருவில் நடந்தாலும் வீட்டுக்கு வீடு ரேடியோவில் அந்த ஆட்டம் கேட்குமாம்.

கறுப்பு மக்களைப் பற்றியும் சொன்னார். நெடுங்காலம் அவர்களைக் கூடச் சேர்த்து ஆட விடவில்லை. அவர்கள் தனியாகக் குழு வைத்து, பஸ்ஸில் ஊர் ஊராகப் போய் ஆடினார்கள். தங்க இடம் கொடுக்காத ஊர்களில் பஸ்ஸிலேயே படுத்தார்கள். பெரிய யுத்தம் முடிந்த பிறகுதான் ஒரே ஒருவரை உள்ளே விட்டார்கள். சுற்றி இருந்தவர்கள் ஏசினார்கள். திருப்பி ஒரு வார்த்தை பேசாமல் அவர் ஆடினார். இதைச் சொல்லும்போது மாஸ்டர் எங்களைப் பார்க்கவில்லை. கச்சான் தோலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

துரைமார் கிளப்பின் வேலிக்கு வெளியே நின்று பந்து பொறுக்கிக் கொடுத்தே வளர்ந்தவன் மாரிமுத்து. அவன் வேறு எதையும் கேட்கவில்லை. "அவரு ஓங்கி அடிச்சாரா, தட்டுனாரா?" என்றான்.

"ரெண்டும்" என்றார் மாஸ்டர். "களவும் செய்தார். அதில் அவரை மிஞ்ச ஆளில்லை."

செல்லையாவுக்கு அன்று முகத்தில் தனிக் களை.

மாஸ்டருடைய பாட்டனார் ரயில்வே பட்டறையில் வேலை பார்த்தவர். அவர் காலத்தில் இந்த ஆட்டம் முழுக்கத் தட்டலும் களவும் விட்டுக்கொடுத்தலுமாகத்தான் இருந்ததாம். பிறகு ஓங்கி அடிக்கிற ஒரு பெரிய ஆள் வந்தார். பந்து வேலியைத் தாண்டித் தாண்டிப் போனது. ஜனங்கள் அதைப் பார்க்கக் கூட்டங்கூட்டமாக வந்தார்கள். சின்ன ஆட்டத்தை மறந்துவிட்டார்கள். பாட்டனார் மட்டும் கடைசிவரை அந்தப் பெரிய அடியை மன்னிக்கவே இல்லையாம்.

அந்தப் பாட்டனாரின் ஆட்டத்தைத்தான் மாஸ்டர் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார்.

கொழும்பு வேலை

மாஸ்டர் ஊருக்குத் திரும்புகிற காலம் நெருங்கியது. போவதற்குள் மாரிமுத்துவுக்கு ஏதாவது செய்துவிட வேண்டும் என்று அவருக்கு. கொழும்பில் தனக்குப் பழக்கமான அந்தப் பெரியவரிடம் பேசி, அவரை வர ஒப்புக்கொள்ள வைத்தார்.

பொன்னம்மா கடைக்கு வந்து, மாரிமுத்துவின் ஒரே வெள்ளைச் சட்டைக்குக் காலர் மாற்றித் தரச் சொன்னாள். "கொழும்புல கம்பளி இல்லாமத் தூங்கலாமாமே நானா? புள்ளைக்கு இந்தக் குளிரு ஆகவே மாட்டேங்குது. இந்த அடுப்பங்கரைக்கே இவரு போக வேணாம்னு ஆனா, பால்குடமே எடுத்திருவேன்" என்றாள்.

வேலைக்கு மேலே இன்னொன்றும் இருந்தது. அந்தக் காலத்தில் தோட்டத்து மக்களில் அநேகம் பேருக்கு எந்த நாட்டுக் குடிமகன் என்று சொல்ல வழியில்லை. நாளைக்கு ஓர் அதிகாரி முன்னால் நிற்க வேண்டி வந்தால், மாரிமுத்துவுக்காகப் பேச ஒரு பெரிய பள்ளிக்கூடம் இருக்கும். வாப்பா அதைத்தான் பெரிதாகச் சொன்னார். இஷா தொழுகைக்குப் பிறகு அவனுக்காக நாங்கள் துஆ கேட்டோம்.

அந்தப் பந்து

இனி மைதானத்துக்குத் திரும்புகிறேன்.

மாரிமுத்து மட்டையை எடுக்கப் போகும்போது மாஸ்டர் அவன் தோளைப் பிடித்து நிறுத்தினார். என்னைப் பார்த்து, சொல் என்றார்.

"அடி. வேற ஒன்னும் யோசிக்காத. சும்மா அடி" என்று நான் தமிழில் சொன்னேன்.

அவன் சரி என்று தலையாட்டினான்.

முதல் பந்தை விட்டுவிட்டான். அடுத்ததை அடித்தான். பந்து உயர எழும்பி, கோட்டுக்கு வெளியே மூங்கிலைத் தாண்டிப் போய் விழுந்தது. கணக்கில் சேராத அடி. ஆனாலும் கொழும்புப் பெரியவர் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். கிராமத்துப் பையன்கள் இன்னும் பின்னால் போனார்கள். அவர்களுடைய தலைவன் "பஸ்ஸட்ட, பஸ்ஸட்ட" என்று சிங்களத்தில் கத்தினான். பின்னால், பின்னால்.

மூன்றாவது பந்து வந்தது. மாரிமுத்து திடீரென்று மட்டையை இறக்கிக் குறுக்கே பிடித்தான்.

டொக் என்று ஒரு சத்தம். பந்து ஈரப் புல்லில் கொஞ்சம் உருண்டு நின்றது. பக்கத்தில் ஆளே இல்லை. போட்டவன் ஓடி வந்து எடுத்து, முதல் சாக்குக்கு எறிந்தான். மாரிமுத்து அவுட். செல்லையா அதற்குள் சேற்றில் சறுக்கிக்கொண்டே வந்து தேயிலைப் பெட்டி மூடியில் விழுந்திருந்தான்.

ஜெயித்துவிட்டோம். பிள்ளைகள் ஓடிப்போய்ச் செல்லையாவைத் தூக்கினார்கள். மாரிமுத்து கையைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டே திரும்பி நடந்து வந்தான். நாங்கள் பழகியபடி எழுந்து நின்று கைதட்டினோம். அவன் முகத்தில் அப்படி ஒரு நிறைவு. நான் பெருநாள் தொழுகை முடிந்து வெளியே வருகிறவர்களின் முகத்தில்தான் அதைப் பார்த்திருக்கிறேன்.

கொழும்புப் பெரியவர் கைதட்டவில்லை. அவன் பந்துக்குப் பயந்துவிட்டானா என்று மாஸ்டரிடம் கேட்டார்.

மாஸ்டர் விளக்கினார். நெடுநேரம் விளக்கினார். பெரியவர் பொறுமையாகக் கேட்டார். கெட்டவர் என்று அவரைச் சொல்ல மாட்டேன். அவருக்குத் தெரிந்தது கிரிக்கெட். அதில் அவுட்டானவன் அவுட்டானவன்தான். முக்கியமான நேரத்தில் மட்டையை இறக்குகிறவனை வைத்துக்கொண்டு பிள்ளைகளுக்கு என்ன சொல்லிக்கொடுப்பது என்றார். ஓடி வந்தானே அந்தப் பையன், அவன் யார் என்று கேட்டார். நல்ல கால், சின்ன வயது, குடும்பமும் இல்லை, அவனை அனுப்புங்கள் என்றார். ஹட்டனில் ரயிலைப் பிடிக்க வேண்டும் என்று காரில் ஏறிவிட்டார்.

மாஸ்டர் கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு இன்னும் பேசிக்கொண்டே கொஞ்ச தூரம் கூட நடந்தார்.

இதையெல்லாம் அண்ணனுக்கும் தம்பிக்கும் நான்தான் தமிழில் சொல்ல வேண்டியிருந்தது.

சாக்கில் நின்றவன்

செல்லையா உடனே சொன்னான். "நான் போகல. இது ஒனக்கு வந்த வேல அண்ணே."

மாரிமுத்து சேற்றைத் தட்டிக்கொண்டிருந்தான். "யாருக்கு வந்துச்சோ. இப்ப ஒன்னத்தான கூப்பிடுறாங்க."

"நீ ஏன் அடிக்கல? மாஸ்டரு அடின்னுதான சொன்னாரு?"

"எல்லாரும் ஆத்தங்கரையில போயி நிக்கிறாங்க. முன்னால வெறுந்தரை. நீ மூனாஞ் சாக்குல நிக்கிற. ஓங்கி அடிச்சு ஒருத்தன் புடிச்சுட்டா கைக்கு வந்த ஆட்டம் போயிரும். தட்டுனா நிச்சயம் ஜெயிப்போம். நான் வேற என்னா செய்யிறது?"

"நான் போகல அண்ணே."

"குர்பான் குடுத்தா சாக்குல நிக்கிறவன் ஓடணும்டா. நீ நின்னுக்கிட்டே இருந்தா நான் அவுட்டானதுக்கு என்னாடா அர்த்தம்?"

செல்லையா அழுதுவிட்டான். அந்த வாரமே, காலர் மாற்றிய அண்ணனின் வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு அவன் கொழும்புக்குப் போனான். தோளில் லூசாக இருந்தது. அவன் போவதற்கு முன்னால் பொன்னம்மா அதை என்னிடம் கொண்டுவந்து, "புடிச்சுக் குடுங்க நானா" என்று சொன்னாள். தோளைப் பிடித்துக் கொடுத்தேன்.

ஆட்டம் முடிந்த அன்று மாலை கடைக்கு வந்த மாஸ்டர் பிளேன்டீயைத் தொடவில்லை. அவர் சொன்னது எனக்குப் புரிந்தவரை இவ்வளவுதான்: ஜனங்கள் பெரிய அடியைத்தான் பார்ப்பார்கள் என்று எனக்குத் தெரியும். தெரிந்திருந்தும் என் பாட்டனாரின் ஆட்டத்தை இவனுக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டேன்.

சில மாதங்களில் அவர் ஊருக்குப் போய்விட்டார். மட்டையை மாரிமுத்துவிடம் கொடுத்துவிட்டுப் போனார். மாரிமுத்து அதைக் கையில் எடுக்கவே இல்லை. பிள்ளைகள் வந்து கூப்பிட்டால், "தோளு வலிக்குதுடா" என்று சொல்லிவிடுவான். விறகு தள்ளும்போது அந்தத் தோள் வலிக்கவில்லை.

செல்லையா முதல் தீபாவளிக்குச் காலில் சப்பாத்துப் போட்டுக்கொண்டு, எல்லோருக்கும் துணியோடு வந்தான். அடுத்த தீபாவளிக்கு வரவில்லை. துணி மட்டும் வந்தது. அவனை நான் குறை சொல்ல மாட்டேன். அடுப்புக் கரியோடு வருகிற அண்ணன் முகத்தை அவனால் பார்க்க முடியவில்லை என்றுதான் நினைக்கிறேன். அண்ணனிடம் அதைச் சொன்னால், "நல்லா இருக்கான்ல, அது போதும்" என்பான். எப்போது கேட்டாலும் அதே பதில்தான். வார்த்தை மாறாது.

ஹஜ்ஜுப் பெருநாள்

இரண்டு நாட்டுப் பிரதமர்களும் கையெழுத்துப் போட்டு, தோட்டத்து மக்களில் இத்தனை பேர் இந்தியாவுக்கு, இத்தனை பேர் இங்கே என்று பேசி முடித்த சேதி வந்திருந்தது. லயத்துக்கு லயம் அதே பேச்சு. மாரிமுத்து இந்தியாவுக்குப் போவதாக முடிவு செய்துவிட்டான் என்று கேள்விப்பட்டேன். அவனுக்காகப் பேச இங்கே யாரும் இல்லை.

அந்த வருடம் ஹஜ்ஜுப் பெருநாளுக்கு வாப்பா ஓர் ஆட்டைக் குர்பான் கொடுத்தார். இறைச்சியில் ஒரு பங்கு உறவுக்கும் சினேகத்துக்கும். மாரிமுத்துவின் பங்கு எப்போதும் உண்டு. வாங்க வந்தவன் உடனே போகவில்லை. கடையின் பின்பக்கம் என்னோடு உட்கார்ந்தான். வாழை இலைப் பொட்டலத்தை மடியில் வைத்திருந்தான். அதன் சூடு இன்னும் அடங்கியிருக்கவில்லை.

"நானா, ஒன்னு கேக்கணும். தப்பா நெனைக்கக் கூடாது."

"கேளு."

"ஒங்க குர்பான்ல, குடுத்தவனுக்குப் பொறகு மனசு கெடந்து அடிச்சுக்கிட்டா, குடுத்தது செல்லாமப் போயிருமா?"

நான் அவனைப் பார்த்தேன். அவன் பொட்டலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அன்னிக்கு அந்தப் பந்து நல்லா வந்துச்சு நானா. நெஞ்சுக்கு நேரா, மெதுவா வந்துச்சு. அடிச்சிருந்தா ஆத்துக்கு அந்தப் பக்கந்தான்."

எனக்கு ஐந்தாம் வகுப்புப் படிப்பு. ஓதியதும் கொஞ்சம்தான். லெப்பையிடம் கேட்டுச் சொல்கிறேன் என்று சொன்னேன். "கேட்டுச் சொல்லுங்க" என்று எழுந்தான். கப்பலுக்குப் போகிறவரைக்கும் கடைப் பக்கம் வந்தபோதெல்லாம் அந்தப் பதிலை எதிர்பார்த்து ஒரு நிமிடம் நிற்பான். பிறகு போய்விடுவான்.

நான் லெப்பையிடம் கேட்கவே இல்லை. செல்லாது என்று அவர் சொல்லிவிட்டால், அதையும் அவனுக்கு நான்தான் சொல்ல வேண்டும். அந்தப் பயம்.

லெப்பையும் மௌத்தாகிவிட்டார். இனி நான் கேட்க வேண்டியது மேலே இருக்கிற ஒருவனிடம்தான். ஒவ்வொரு ஹஜ்ஜுப் பெருநாள் தொழுகையிலும் கையேந்தி அவனிடமே கேட்கிறேன். யா அல்லாஹ், மாரிமுத்து கொடுத்ததை, அவனுக்கு மனசு வலித்ததையும் சேர்த்தே ஏற்றுக்கொள்.